சொல்லாத சொல்

"சொல்லிவிடடா!"

இருண்ட கொட்டகையின் பின்வரிசையிலிருந்து எழுகிறது ஒரு குரல். தொடர்ந்து பத்துக் குரல்கள். பிறகு கொட்டகையே கூவுகிறது. திரையிலே இளைஞன் நிற்கிறான். எதிரே அவள் நிற்கிறாள். பள்ளிப் பருவந்தொட்டுப் பழகியவள். அவன் சிரிப்பின் வகையும் சினத்தின் வகையும் அறிந்தவள். அவன் சோற்றில் பாதியைப் பறித்துத் தின்றவள். நாளை மறுநாள் அவளுக்கு வேறொருவனோடு மணம். இவன் வாய் திறக்கிறான். "நான்..." என்கிறான். மேலே வரவில்லை. "ஒன்றுமில்லை, நேரமாகிவிட்டது, போய் வா" என்கிறான். அவள் போகிறாள். கொட்டகை பெருமூச்செறிகிறது.

கண்டிருக்கிறோம் இந்தக் காட்சியை. ஒரு முறையன்று, ஓராயிரம் முறை. கூவியிருக்கிறோம் நாமும், கூட்டத்தோடு கூட்டமாக. எனவே, இத்தகைய படங்களை எள்ளி நகையாட இதை எழுதவில்லை. கொட்டகையை விட்டு வெளியே வந்து, தேநீர்க் கடையின் விளக்கொளியில் நின்றபோது நெஞ்சிலே தைத்த ஒரு கேள்விக்காக எழுதுகிறோம். நமக்குப் பக்கத்து இருக்கையில் அமர்ந்து, "அட, சொல்லித் தொலையேன்!" என்று துடித்தாரே ஒரு பெரியவர், அவருடைய மகள் நாளைக் காலை அவரெதிரே வந்து, "அப்பா, நான் ஒருவரை விரும்புகிறேன்" என்று சொன்னால், அவர் வாயிலிருந்து என்ன சொல் வரும்? "வாயை மூடு!" என்பதன்றி வேறென்ன வரும்?

திரையில் நிற்பவனுக்குச் "சொல்லிவிடு!" வீட்டில் நிற்பவளுக்கு "வாயை மூடு!" இந்த இரண்டு கட்டளைகளுக்கும் நடுவிலேதான் நமது சமுதாயம் குடியிருக்கிறது. நண்பர்களாய்ப் பழகிய இருவருள் ஒருவர் மற்றவரைக் காதலித்து, அதைச் சொல்லாமலே புழுங்குவது அறமா? அழகா? அச்சமா? இதனை ஆராய்வது வெறும் படக்கதை பேசுவதன்று. நமது வாழ்வைப் பேசுவது.

நான்கு மொழியில் ஒரு மௌனம்

1999-ஆம் ஆண்டு மலையாளத்தில் 'நிறம்' என்றொரு படம் வந்தது. கமல் என்னும் மலையாள இயக்குநர் எடுத்தது. அண்டை வீடுகளிலே வளர்ந்த ஓர் ஆணும் ஒரு பெண்ணும். ஒன்றாகப் படித்து, ஒன்றாகச் சண்டையிட்டு, ஒன்றாகச் சிரித்தவர்கள். வேறோர் இளைஞன் அவளை விரும்புவதாகச் சொன்ன பிறகுதான் இவனுக்குத் தன் உள்ளம் தனக்கே புலப்படுகிறது. சொன்னானா? இல்லை. உள்ளுக்குள்ளே வைத்துக் குமைகிறான். பார்ப்பவர் உள்ளமும் குமைகிறது. படம் பெருவெற்றி பெற்றது. 2000-த்தில் தெலுங்கில் 'நுவ்வே காவாலி' ஆயிற்று. 2001-ல் அதே இயக்குநரின் கையால் தமிழில் 'பிரியாத வரம் வேண்டும்' ஆயிற்று. 2003-ல் இந்தியில் 'துஜே மேரி கசம்' ஆயிற்று. மொழி மாறிற்று, முகம் மாறிற்று, பாட்டு மாறிற்று. மௌனம் மட்டும் மாறவில்லை!

நமது நாட்டுக்கு மட்டுமே உரிய நோய் என்று எண்ணிவிடவும் வேண்டாம். அமெரிக்காவில் 1989-ல் 'வென் ஹாரி மெட் சாலி' வந்தது. நோரா எஃப்ரான் எழுதி, ராப் ரெய்னர் இயக்கியது. 1977-ல் சிகாகோவிலிருந்து நியூயார்க்குக்கு ஒரே காரில் பயணம் செய்கிறார்கள் ஹாரியும் சாலியும். ஆணும் பெண்ணும் நண்பர்களாயிருக்க இயலவே இயலாது என்று வழியெல்லாம் வாதாடுகிறான் ஹாரி. பிறகு அவர்களே நண்பர்களாகிறார்கள். அந்த நட்புக்கு உள்ளே காதல் இருப்பதை அவன் அவளிடம் வாய்விட்டுச் சொல்லப் பன்னிரண்டு ஆண்டுகள் ஆகின்றன! கதையை முதலில் திட்டமிட்டபோது இருவரும் சேராமலே பிரிவதாகத்தான் முடிவு வைத்திருந்தார்களாம். பிறகு மாற்றினார்கள். சொல்லப்பட்ட காதலைத்தான் உலகம் கொண்டாடியது.

இப்படங்களில் நகைச்சுவை எங்கிருந்து பிறக்கிறது என்று பாருங்கள். ஊருக்கெல்லாம் தெரியும்; உரியவளுக்கு மட்டும் தெரியாது. தோழனுக்குத் தெரியும், தேநீர்க் கடைக்காரருக்குத் தெரியும், கொட்டகையிலிருக்கும் குழந்தைக்கும் தெரியும், அவளுக்குத் தெரியாது. முதல் கால் மணி நேரத்தில் அவன் சொல்லிவிட்டால் படம் முடிந்துபோகும்! ஆகவே கதை எழுதுபவருக்கு அந்த மௌனம் தேவைப்படுகிறது. அதில் குற்றமில்லை. ஆனால், வாய் மூடிய நாயகனை நாம் கோழை என்று சொல்லிவிடக் கூடாதே என்பதற்காக, அந்த மௌனத்துக்கு மூன்று நகைகளைப் பூட்டுகிறார்கள். நட்பைக் காப்பது என்பது முதல் நகை. தியாகம் என்பது இரண்டாவது. கண்ணே பேசும், வாய் எதற்கு என்பது மூன்றாவது. கதைக்குத் தேவைப்பட்ட மௌனம், வாழ்க்கைக்குத் தேவையான அறமாக வேடமிட்டு வருகிறது. வேடத்தைக் கலைத்துப் பார்ப்பதுதானே பகுத்தறிவாளர் வேலை? பார்ப்போம்.

நட்பு முறியுமாம்!

"சொன்னால் நட்புப் போய்விடும், எனவே சொல்லாதிருக்கிறேன்" என்கிறான் நாயகன். அச்சம் இயற்கையானது, அதைப் பழிக்க மாட்டோம். ஆண்டுக் கணக்கில் கட்டிய வீட்டை ஒரே சொல்லால் இடிக்க யாருக்குத்தான் மனம் வரும்?

ஆனால் ஒன்று கேட்கிறோம். எந்த நட்பைக் காப்பாற்றுகிறான் அவன்? அவள் அவனை நண்பன் என்று நம்பி, தன் மனத்திலுள்ள மற்றொருவனைப் பற்றிச் சொல்கிறாள், அறிவுரை கேட்கிறாள். இவன் தலையாட்டுகிறான். அவள் பேசிக்கொண்டிருப்பது ஒருவனிடம், கேட்டுக்கொண்டிருப்பவன் வேறொருவன்! அவளுக்குத் தெரியாமலே அவளுடைய நட்பின் பொருள் மாறிவிட்டது. அவள் மட்டும் பழைய கணக்கிலேயே வரவு வைத்துக்கொண்டிருக்கிறாள். இதையா காப்பாற்றுவது? நட்பதிகாரம் வகுத்த வள்ளுவர், கூடிச் சிரிப்பதோடு நண்பன் கடமை முடிந்ததென்று விடவில்லையே! நெறி தவறும்போது இடித்துரைக்கவும் சொன்னார். பிறர் குற்றத்தைக்கூட எடுத்துரைக்கும் துணிவை நட்பிலே எதிர்பார்த்தவர், தன் நெஞ்சைத் திறக்கும் துணிவையா வேண்டாமென்பார்?

ஆங்கில எழுத்தாளர் ஜேன் ஆஸ்டின் 1815-ல் வெளியிட்ட 'எம்மா' நாவலில் ஓர் இடம் வருகிறது. எம்மாவும் நைட்லியும் நெடுநாள் குடும்ப நண்பர்கள். தோட்டத்திலே இருவரும் நடக்கிறார்கள். அவர் ஏதோ சொல்ல வாயெடுக்கிறார். அவர் வேறொருத்தியைக் காதலிப்பதாகச் சொல்லப்போகிறார் என்று அஞ்சிய எம்மா, "சொல்ல வேண்டாம்" என்று தடுத்துவிடுகிறாள். அவர் முகம் வாடுகிறது. இரண்டடி நடந்ததும் அவள் உள்ளம் உறுத்துகிறது. தனக்கு வலித்தாலும் வலிக்கட்டும், நண்பரின் நெஞ்சுச் சுமையைக் கேட்பதுதானே நட்பு என்று எண்ணித் திரும்பி வருகிறாள். சொல்லுங்கள், ஒரு தோழியாக இருந்து கேட்கிறேன் என்கிறாள். அதன் பிறகே அவர் தன் காதலைச் சொல்கிறார். அது அவளிடமே கொண்ட காதல்! பார்த்தீர்களா? நட்பு அங்கே வாயைப் பூட்டவில்லை. பூட்டிய வாயைத் திறந்துவைத்தது. 

தியாகமாம்!

இரண்டாவது நகை இன்னும் பளபளப்பானது. "அவள் நல்வாழ்வுக்காக என் காதலைத் தியாகம் செய்தேன்!" கேட்டதும் கைக்குட்டை நனைகிறது. நனையட்டும். ஆனால் சிந்திக்கவும் வேண்டும்.

தியாகம் என்றால் என்ன? தனக்கு உரிய ஒன்றைப் பிறர்க்குக் கொடுப்பது. அவள் அவனுக்கு உரிய பொருளா, கொடுப்பதற்கு? "உனக்கே விட்டுக்கொடுத்துவிட்டேன்" என்று நண்பனைப் பார்த்துச் சொல்கிறானே, எதை விட்டுக்கொடுத்தான்? நிலமா? வீடா? மாட்டுத் தொழுவமா? ஓர் உயிருள்ள பெண்ணை, அவளைக் கேட்காமலே, இவன் கொடுக்க அவன் வாங்க, நடுவில் அவள் கைமாறிப் போகிறாள். இதற்குத் தியாகம் என்று பெயரிட்டால், மகளைக் கேளாமல் மணம் முடித்து வைக்கும் தந்தையும் தியாகியே! இரண்டு பேரும் செய்வது ஒன்றுதான்: அவளுக்காக அவளைக் கேளாமல் முடிவு செய்கிறார்கள்.

இந்தத் தியாகப் பித்து எங்கே கொண்டுபோய் விட்டது, தெரியுமா? 1991-ல் வந்த 'இதயம்' படத்தில் மருத்துவக் கல்லூரி மாணவன் ஒருவன் தன் காதலைச் சொல்லத் தயங்கித் தயங்கியே காலத்தைக் கழித்தான். தமிழ் இளைஞர் உலகம் அவனுக்காகக் கண்ணீர் வடித்தது. 1998-ல் 'சொல்லாமலே' வந்தது. அதிலே நாயகன் பேச வராதவன்போல் நடித்து அவள் அன்பைப் பெறுகிறான். கடைசியில், தன் பொய்யை மெய்யாக்கத் தன் நாக்கையே அறுத்துக்கொள்கிறான்! இயக்குநர் திறமையாகத்தான் எடுத்திருந்தார், மறுக்கவில்லை. ஆனால், "நான் பொய் சொன்னேன், பொறுத்துக்கொள்" என்று சொல்ல ஒரு நாக்கு போதுமே! அதை அறுத்தெறிவதைத்தான் காதலின் சிகரம் என்று நாம் கைதட்டி ஏற்றோம். சொல்லாமையைத் தெய்வமாக்கினால், அது நாக்கைத்தானே காணிக்கை கேட்கும்?

கண்ணே பேசுமாம்!

"ஏன் ஐயா, குறிப்பறிதல் என்று வள்ளுவரே அதிகாரம் வகுத்திருக்கிறாரே! கண்ணும் கண்ணும் பேசிய பிறகு வாய்ச்சொல் எதற்கு?" என்று கேட்பார் உண்டு. ஏடு அறிந்தவர் கேள்வி, மதிக்கிறோம். ஆனால் அதே இன்பத்துப்பாலில் நாணுத் துறவுரைத்தல் என்றும் ஓர் அதிகாரம் இருக்கிறதே, அதை மட்டும் ஏன் மறந்தார்கள்? 

தொல்காப்பியம் வழிவந்த அகப்பொருள் மரபில் அருமையான ஒரு துறை உண்டு. தலைவியின் காதலைத் தோழி அறிவாள். வீட்டிலே வேறிடத்தில் மணம் பேசும் நிலை வரும்போது, தோழி அந்த மறைபொருளைச் செவிலிக்கு வெளிப்படுத்துவாள். செவிலி நற்றாய்க்குச் சொல்வாள். அவள் வாயிலாக வீட்டார் அறிவர். இந்த வெளிப்படுத்தலுக்கு நம் முன்னோர் இட்ட பெயர் என்ன? காட்டிக்கொடுத்தல் என்றா? வெட்கங்கெட்ட செயல் என்றா? இல்லை! 'அறத்தொடு நிற்றல்' என்றார்கள். மறைத்தல் அறமன்று, சொல்லுதலே அறம் என்று பெயரிலேயே எழுதிவைத்தார்கள். அதுவும் யார் வாயிலாக? நட்பின் வாயிலாக!

பழையது என்பதற்காக எல்லாவற்றையும் தலையில் வைத்துக் கூத்தாட மாட்டோம். அதே தொல்காப்பியத்தின் களவியல், தலைவி தன் வேட்கையைத் தலைவன் எதிரே தானாக எடுத்துரைப்பதில்லை என்றும் வரம்பு கட்டியிருக்கிறது. அறத்தொடு நிற்றலை வரவேற்கும் நாம், இந்த வரம்பை விலக்குகிறோம். ஆண் சொல்லலாம், பெண் குறிப்பால் காட்டலாம் என்ற ஏற்பாட்டின் விலையை இன்றைய பெண்ணன்றோ கொடுக்கிறாள்? அவள் சிரித்தால் அது சம்மதம் என்கிறான் ஒருவன். சிரிக்காவிட்டால் அது நாணம், நாணமும் சம்மதம் என்கிறான்! "அவள் கண் சொன்னது" என்கிறான். கண் சொன்னதற்குச் சான்று ஏது? அவளே வாயால் "ஆம்" என்றும் "இல்லை" என்றும் சொல்லும் உரிமை பெற்றால்தான், கண்ணுக்குப் பொய்யுரை எழுதும் இந்தக் கயமை ஒழியும்.

மூன்றாமவர் கணக்கு

இந்தக் கதைகளிலே ஒருவரை நாம் அனைவரும் மறந்துவிடுகிறோம். அவளுக்கு நிச்சயிக்கப்பட்டவன்! அவன் செய்த குற்றம் யாது? மனத்திலிருந்ததை நேரே வந்து சொன்னான், அவ்வளவே. சொல்லியவன் கடைசியில் ஏமாந்து நிற்கிறான், சொல்லாதவன் மாலை சூட்டிக்கொள்கிறான், நாம் கைதட்டுகிறோம். மௌனம் செய்த கடனை வட்டியோடு கட்டுபவன், அந்தக் கடனில் கையெழுத்தே போடாதவன்!

இந்தக் கணக்கை நேர்மையாகப் போட்ட படமும் உண்டு. 1997-ல் அமெரிக்காவில் வந்த 'மை பெஸ்ட் ஃபிரண்ட்ஸ் வெட்டிங்'. ஜூலியா ராபர்ட்ஸ் நடித்தது. நெடுநாள் நண்பனுக்குத் திருமணம் என்று கேள்விப்பட்டதும்தான் நாயகிக்குக் காதல் விழிக்கிறது. உடனே சொல்ல வேண்டியவள், சூழ்ச்சி செய்கிறாள். மணமகளை இழிவுபடுத்தப் பார்க்கிறாள். பொய்க் கடிதம்வரை போகிறாள். இறுதியில் எல்லாம் தோற்ற பிறகு வாய் திறந்து சொல்கிறாள். அவனோ மணமகளையே தேடி ஓடுகிறான். இவள் என்ன செய்தாள்? நஞ்சுண்டாளா? இல்லை. குற்றத்தை ஒப்புக்கொண்டு, அந்தத் திருமணத்திலே நின்று வாழ்த்திவிட்டு, உண்மையைச் சொல் என்று தன்னை இடித்துரைத்த மற்றொரு நண்பனோடு நடனமாடுகிறாள். காதல் கைகூடவில்லை, ஆனால் அவள் நிமிர்ந்து நிற்கிறாள். சொன்னால் உலகம் இடிந்து விழும் என்றார்களே, விழவில்லை! மறுப்பைக் கேட்ட பிறகும் மறுநாள் பொழுது விடிகிறது.

மறுக்கும் உரிமை

இதுதான் நமது இளைஞர்கள் கற்க வேண்டிய பாடத்தின் மறுபாதி. "சொல்லிவிடு" என்று மட்டும் கற்பித்து, "அவள் சொல்வதைக் கேள்" என்று கற்பிக்காவிட்டால், நாம் செய்வது சீர்திருத்தமன்று, சீரழிவு. 2012-ல் காரைக்காலில் ஓர் இளம் பெண் பொறியாளர், தன்னை மணக்க விரும்பியவனை மறுத்தார். அந்தக் குற்றத்துக்காக அவர் முகத்தில் அமிலம் வீசப்பட்டது. 2013 பிப்ரவரியில் அவர் உயிர் துறந்தார். அவன் பேசாதவனல்லன், பேசியவன்தான். ஆனால் அவன் பேச்சிலே கேள்வி இல்லை, கட்டளை இருந்தது. கேள்வி என்றால் அதற்கு இரண்டு விடைகள் உண்டு. ஒரே விடையைத்தான் ஏற்பேன் என்பவன் கேட்கவில்லை, பறிக்கிறான்.

ஆகவே, நமது முடிவைத் தெளிவாகச் சொல்கிறோம். எல்லாப் பேச்சும் நன்றன்று. எல்லா மௌனமும் தீதன்று. முன்னரே மறுத்துவிட்ட ஒருத்தியிடம் மீண்டும் மீண்டும் சொல்லாதிருப்பது நல்ல மௌனம். ஆசிரியன் மாணவியிடமும், மேலதிகாரி கீழே பணிபுரிபவளிடமும், மறுக்க முடியாத நிலையில் நிற்பவளிடம் தன் ஆசையை இறக்கிவைக்காதிருப்பது நல்ல மௌனம். ஏனெனில் அந்த மௌனங்கள் மற்றவரின் உரிமைக்கு வேலி. ஆனால், நிகராக நிற்கும் நண்பரிடம், அவர் விடையைத் தானே எழுதிக்கொண்டு, "அவள் மறுப்பாள், அல்லது அவளுக்கு நான் தகேன்" என்று தானே தீர்ப்பும் கூறிக்கொண்டு காக்கும் மௌனம், மற்றவரின் உரிமைக்குப் பூட்டு. அமிலம் வீசியவனும் வாய் மூடியவனும் ஒன்றென்று சொல்ல மாட்டோம். ஒருவன் கொலைஞன், மற்றவன் அஞ்சியவன். ஆனால் இருவரிடமும் இல்லாதது ஒன்று: முடிவு செய்பவள் அவள் என்ற எண்ணம். மௌனத்தையும் பேச்சையும் உரைத்துப் பார்க்க உரைகல் ஒன்றே: இது அவருக்கு "ஆம்" அல்லது "இல்லை" என்று சொல்ல வழிவிடுகிறதா, அடைக்கிறதா?

நாவிலே பூட்டு, நாட்டிலே பூட்டு

இவ்வளவும் சொன்னபின், தோழர் ஒருவர் எழுந்து கேட்பார்: "எல்லாம் சரி, படத்திலே நாயகன் வெட்கத்தால் பேசவில்லை. எங்கள் ஊரில் உயிருக்குப் பயந்து பேசவில்லை. இரண்டும் ஒன்றா?"

ஒன்றல்ல, தோழரே! இதைத்தான் இறுதியாகச் சொல்ல வந்தோம். அந்தப் படங்களை மறுபடியும் பாருங்கள். இரண்டு வீடுகளும் அண்டை வீடுகள், இரண்டும் வசதியானவை, பெற்றோரும் பெற்றோரும் நண்பர்கள். இருவர்க்கும் இடையே சுவர் இல்லை, சேரி இல்லை, சாதிச் சங்கம் இல்லை. எல்லாக் கதவுகளையும் கதாசிரியர் திறந்து வைத்துவிட்டு, நாவிலே மட்டும் ஒரு சிறு பூட்டைத் தொங்கவிடுகிறார். அதனால்தான் அது நகைச்சுவை! அந்தப் பூட்டு திறந்தால் திருமணம். திறக்காத வரையில் சிரிப்பு. ஹாரி பன்னிரண்டு ஆண்டுகள் தாமதித்தான். அவனுக்கு ஆன செலவு பன்னிரண்டு ஆண்டுகள் மட்டுமே.

நமது நாட்டிலோ? 2015-ஆம் ஆண்டு, திருச்செங்கோட்டு மலைக்கோயிலில், உடன் படித்த தோழியோடு பேசிக்கொண்டிருந்தார் ஓர் இளம் பொறியாளர். காதலைச் சொன்னார் என்றுகூட இல்லை, பேசிக்கொண்டிருந்தார். அவர் பட்டியலினத்தவர், அந்தத் தோழி ஆதிக்கச் சாதியில் பிறந்தவர். கடத்தப்பட்டார், மறுநாள் அவர் உடல் இருப்புப்பாதையிலே கிடந்தது. 2022-ல் மதுரைத் தனி நீதிமன்றம் பத்துப் பேருக்கு ஆயுள் தண்டனை விதித்தது. காதலுக்கு அல்ல, நட்புக்கே அங்கே உயிர் விலை கேட்கப்பட்டது! இந்த நாட்டிலே இருந்துகொண்டு, "ஏன் சொல்லவில்லை?" என்று ஓர் இளைஞனைப் பார்த்து நாம் சிரிக்க முடியுமா? ஓர் ஆண் மற்றோர் ஆணிடமும், ஒரு பெண் மற்றொரு பெண்ணிடமும் தன் காதலைச் சொல்வதற்கோ, 2018-ல் உச்சநீதிமன்றம் தீர்ப்புக் கூறும்வரை, சட்டப் புத்தகமே குறுக்கே நின்றது. ஒருவன் மௌனத்துக்கு வெட்கம் காரணமானால், அதை அவன் உடைக்க வேண்டும். சாதி காரணமானால், அதை நாம் உடைக்க வேண்டும். அச்சுறுத்தப்பட்டவனின் மௌனத்துக்கு அவன் பொறுப்பல்லன். அச்சுறுத்துவோரைப் பொறுத்துக்கொண்டிருக்கும் நாமே பொறுப்பு.

சொல்லே திருமணம்

உடைக்க முடியுமா என்று மலைக்க வேண்டாம். ஒரு பகுதியை உடைத்தவர்கள் நாம்தான். 1929-ல் செங்கற்பட்டில் கூடிய முதல் சுயமரியாதை மாநாடு, பெண்களுக்குச் சொத்துரிமையும், துணைவரைத் தாமே தேர்ந்துகொள்ளும் உரிமையும் வேண்டுமென்று தீர்மானித்தது. அன்று சிரித்தார்கள். 1967-ல் அண்ணா முதலமைச்சராக இருந்தபோது சுயமரியாதைத் திருமணங்களுக்குச் சட்டம் ஏற்பு வழங்கியது. அந்தச் சட்டத்தின் உள்ளே இருப்பது என்ன? உறவினரோ நண்பரோ பிறரோ உடனிருக்க, மணமக்கள் தமக்குப் புரிந்த மொழியில், ஒருவரையொருவர் துணையாக ஏற்றதாகச் சொன்னால் போதும், அது திருமணம்! மாலை மாற்றலாம், மோதிரம் அணிவிக்கலாம், தாலி கட்டலாம். எதுவுமின்றிச் சொல் ஒன்றே போதுமென்றாலும் போதும்.

இதன் பெருமையை எண்ணிப் பாருங்கள். அதற்கு முன் மணமேடையில் பேசியவர் யார்? புரோகிதர் பேசினார், புரியாத மொழியில். யாருடைய வாழ்வோ அவர்கள் வாய் மூடிக் குனிந்திருந்தார்கள். வாய் மூடியிருந்தவர்களை வாய் திறக்க வைத்த திருமணத்துக்குப் பெயர்தான் சுயமரியாதைத் திருமணம். நண்பர் முன்னிலையில் என்றதே சட்டம், அதையும் கவனியுங்கள். அன்றைய தோழி அறத்தொடு நின்றாள். இன்றைய தோழன் சாட்சியாய் நிற்கிறான். எதிர்ப்புக்கு அஞ்சி ஊரறியக் கூட்டம் கூட்ட முடியாத இணையரின் நிலையையும் எண்ணி, இத்தகைய மணத்துக்குப் பொது அறிவிப்புத் தேவையில்லை என்று 2023-ல் உச்சநீதிமன்றமும் கூறியிருக்கிறது.

சட்டம் வந்தது, நெஞ்சம் வரவில்லை. அதனால்தான் இன்றும் ஆயிரமாயிரம் பேர், சொல்ல வேண்டியதைத் திரையிலே யாரோ ஒருவன் சொல்லக் கேட்டு, மனம் ஆறி வீடு திரும்புகிறார்கள். 

இளைஞனே! உன் தோழியிடம் சொல்ல ஒன்று இருந்தால், ஒரு முறை, நேராக, தெளிவாகச் சொல். அவள் "ஆம்" என்றால் மகிழ். "இல்லை" என்றால், அந்தச் சொல்லைச் சொல்லும் உரிமையுடைய ஒருத்தியைத் தோழியாகப் பெற்றதற்காக மதிப்போடு விலகு. நட்பு நீடிக்கும் என்று அவள் சொன்னால் நீடிக்கட்டும். இளநங்கையே! குறிப்பால் காட்டிவிட்டுக் காத்திருக்க வேண்டிய காலம் போயிற்று. உன் நெஞ்சை உன் வாயாலே சொல். தோழர்களே! அறத்தொடு நில்லுங்கள், ஊர் எதிர்த்தாலும் உடன் நில்லுங்கள்.

கொட்டகையிலே துடித்த அந்தப் பெரியவருக்கும் ஒன்று சொல்ல வேண்டும். ஐயா, திரையில் நின்றவனுக்காக நீங்கள் கூவியது உங்கள் உள்ளத்தின் உண்மைக் குரல். நல்ல குரல். அந்தக் குரலைக் கொட்டகையிலே விட்டுவிட்டுப் போகாதீர்கள். வீட்டுக்கு எடுத்துச் செல்லுங்கள். அங்கே கதவோரத்தில், மூன்று நாட்களாக ஏதோ சொல்ல வாயெடுத்து வாயெடுத்துத் தயங்கி நிற்கிறாள் உங்கள் மகள். அவளைப் பார்த்து, கொட்டகையிலே சொன்ன அதே சொல்லைச் சொல்லுங்கள்:

"சொல்லிவிடம்மா!"